வங்கிக் கடன் வசூலும் நீதிமன்ற நிவாரணமும்: காவிரி டெல்டாவில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வங்கி வேலையிலிருந்து ஓய்வு பெற்றபின், மன்னார்குடிப் பக்கம் சட்டப்பணிகள் குழுவின் தன்னார்வலராகச் சில ஆண்டுகளாக உட்கார்ந்து வருகிறேன். வருகிறவர்களில் பலர் மஞ்சள் பையிலிருந்து ஒரு வங்கிக் கடிதத்தை எடுத்து நீட்டிவிட்டு, ஏறக்குறைய ஒரே கேள்விகளைத்தான் கேட்கிறார்கள். அந்தக் கேள்விகளை அவர்கள் கேட்ட மாதிரியே இங்கே எழுதிப் பதில் சொல்லியிருக்கிறேன். ஒவ்வொரு கடனுக்கும் தனித்தனிக் கதை உண்டு என்பதால், காகிதங்களை ஒரு வழக்கறிஞரிடம் காட்டிய பிறகே எதையும் தாக்கல் செய்யுங்கள்.

நோட்டீஸ் வந்துட்டுங்க. நாளைக்கே வந்து வீட்டைப் பூட்டிடுவாங்களா?

மாட்டார்கள். ஆனால் வந்திருப்பது எந்த நோட்டீஸ் என்பதை முதலில் பார்க்க வேண்டும். கிளையிலிருந்து வரும் நினைவூட்டல் கடிதம், வங்கியின் வக்கீல் அனுப்பும் நோட்டீஸ், 2002-ஆம் ஆண்டின் சர்ஃபேசி சட்டப்படி வரும் நோட்டீஸ், சிவில் நீதிமன்ற சம்மன் ஆகிய நான்கும் வெவ்வேறானவை. கடிதத்தின் தலைப்பில் ‘பிரிவு 13(2)’ என்று இருந்தால் அது சர்ஃபேசி நோட்டீஸ். அடமானம் வைத்த சொத்தை, வழக்குப் போடாமலேயே வங்கி கைப்பற்றி விற்பதற்கு இந்தச் சட்டம் வழி செய்கிறது. அதற்கு முதல் படியாக, முழு பாக்கியையும் கட்ட 60 நாள் அவகாசம் கொடுத்தாக வேண்டும்.

அந்த 60 நாள் முடிந்த பிறகுதான் பிரிவு 13(4)-இன்படி சுவாதீன நோட்டீஸ், அதாவது சொத்தை வங்கி தன்வசம் எடுத்துக்கொண்டதாகச் சொல்லும் நோட்டீஸ், வரும். அதைக் கதவில் ஒட்டுவார்கள். ஏழு நாளுக்குள் இரண்டு நாளிதழ்களில் வெளியிடுவார்கள், அவற்றில் ஒன்று உள்ளூர் மொழி நாளிதழாக இருக்க வேண்டும். இந்தக் கட்டத்தில் பெரும்பாலும் காகித அளவிலான சுவாதீனம்தான் எடுப்பார்கள். நீங்கள் வீட்டுக்குள்தான் இருப்பீர்கள். அதை நம்பி, ‘ஒட்டிவிட்டுப் போய்விட்டார்கள், ஒன்றும் ஆகவில்லை’ என்று சும்மா இருந்துவிடுவதுதான் நான் அதிகம் பார்க்கும் தவறு. ஒட்டிய அன்றே உங்களுக்கான 45 நாள் கெடு ஓடத் தொடங்கிவிடுகிறது. அந்தக் கெடு எதற்கு என்பதைக் கீழே சொல்கிறேன்.

என்.பி.ஏ. ஆயிட்டுன்னு மேனேஜர் சொல்றார். அப்படின்னா என்ன?

வாராக் கடன் என்று வங்கி வகைப்படுத்திவிட்டது என்று பொருள். வீட்டுக் கடன், தொழில் கடன் போன்றவற்றில் தவணையோ வட்டியோ 90 நாளுக்கு மேல் நிலுவையில் நின்றால் கணக்கு அந்த வகைக்குப் போய்விடும். பயிர்க் கடனுக்குக் கணக்கு வேறு. நெல் போன்ற குறுகிய காலப் பயிருக்கு இரண்டு பயிர்ப் பருவங்களும், நீண்ட காலப் பயிருக்கு ஒரு பயிர்ப் பருவமும் நிலுவையில் நின்ற பிறகே அப்படி வகைப்படுத்தலாம். மேட்டூர் ஜூன் 12-இல் திறக்காமல் குறுவை போய், கார்த்திகை மழையில் சம்பாவும் மூழ்கிய ஆண்டுகளை நாம் பார்த்திருக்கிறோம். அப்படிப்பட்ட ஆண்டில் உங்கள் பயிர்க் கடனை 90 நாள் கணக்கில் வாராக் கடனாக்கியிருந்தால், அதுவே ஓர் எதிர்வாதம்.

அந்த 60 நாளுக்குள்ள நாம என்ன செய்யணும்?

எழுத்து மூலம் ஆட்சேபம் அனுப்ப வேண்டும். பிரிவு 13(3ஏ) அந்த உரிமையைத் தருகிறது. ஆட்சேபம் கிடைத்த 15 நாளுக்குள் வங்கி காரணம் காட்டிப் பதில் எழுத வேண்டும். கிளையில் போய் மேனேஜரிடம் வாயால் சொல்லிவிட்டு வருவது ஆட்சேபம் ஆகாது. விரைவுத் தபாலில் (ஸ்பீட் போஸ்ட்), சேர்ந்ததற்கான ஒப்புகை கிடைக்கும்படி அனுப்புங்கள். நேரில் கொடுத்தால் நகலில் முத்திரையும் தேதியும் வாங்கிக்கொள்ளுங்கள்.

‘கஷ்டத்தில் இருக்கிறோம், தயவு செய்யவும்’ என்று மட்டும் எழுதினால் பயனில்லை. கட்டிய தொகை வரவு வைக்கப்பட்டிருக்கிறதா, வட்டி விகிதம் ஒப்பந்தப்படி இருக்கிறதா, காட்டியிருக்கும் சொத்து அடமானம் வைத்த சொத்துதானா, அது விவசாய நிலமா என்று ஒவ்வொன்றாக எழுதிக் கணக்கு அறிக்கையையும் கேளுங்கள். பாக்கி ஒரு லட்சம் ரூபாய்க்கு மேற்படாவிட்டால் இந்தச் சட்டம் பொருந்தாது. அசலும் வட்டியும் சேர்ந்த தொகையில் 20 சதவீதத்துக்கும் குறைவாகவே பாக்கி இருந்தாலும் பொருந்தாது. முக்கால்வாசிக் கடனை அடைத்த பிறகு மாட்டிக்கொண்டவர்கள் இந்தக் கடைசி விதியைக் கணக்குப் போட்டுப் பார்க்க வேண்டும். இன்னொன்று: நோட்டீஸ் வந்த பிறகு வங்கியின் சம்மதம் இல்லாமல் அந்தச் சொத்தை விற்கவோ குத்தகைக்கு விடவோ கூடாது. ‘மச்சான் பேருக்கு எழுதி வைத்துவிடலாமா’ என்று கேட்பவர்களுக்கும் இதுதான் பதில்.

தபாலை வாங்காம திருப்பி அனுப்பிட்டா நோட்டீஸ் செல்லாதுதானே?

செல்லும். ‘வாங்க மறுத்தார்’ என்று தபால்காரர் எழுதித் திருப்பினால், சட்டத்தின் பார்வையில் அது உங்களுக்குச் சேர்ந்துவிட்டது. நீடாமங்கலம் பக்கத்திலிருந்து வந்த ஒருவர், நாட்காட்டிக்குப் பின்னால் செருகி வைத்திருந்த உறையைப் பிரிக்காமலேயே என்னிடம் கொடுத்தார். பிரித்துப் பார்த்தபோது அறுபது நாளில் ஒன்பது நாள்தான் மிச்சம் இருந்தது. பிரிக்காததால் வங்கிக்கு ஒரு நஷ்டமும் இல்லை.

நஞ்சை நிலத்தை அடமானம் வச்சிருக்கேன். வயலை ஏலம் விட முடியுமா?

டெல்டாவில் இதுதான் மிக முக்கியமான கேள்வி. சர்ஃபேசி சட்டத்தின் பிரிவு 31(i), விவசாய நிலத்தின் மீதான அடமானத்துக்கு அந்தச் சட்டம் பொருந்தாது என்கிறது. ஆகவே, பயிர் செய்துவரும் வயலை வங்கி 13(4) நோட்டீஸ் ஒட்டி எடுத்துக்கொள்ள முடியாது. அப்படி ஒட்டினால் கடன் வசூல் தீர்ப்பாயத்தில் அதை எதிர்க்கலாம். தவறு உறுதியானால், சொத்தைத் திரும்ப ஒப்படைக்கச் சொல்லும் அதிகாரம் தீர்ப்பாயத்துக்கு உண்டு.

ஆனால் இதைக் கேட்டு ‘வயலைத் தொடவே முடியாது’ என்று நினைத்துக்கொண்டு போகிறவர்களை நான் திரும்பக் கூப்பிட வேண்டியிருக்கிறது. வழக்கில்லாமல் எடுக்கும் குறுக்கு வழிதான் அடைபட்டிருக்கிறது. வழக்குப் போடும் வழி திறந்தே இருக்கிறது. பாக்கி 20 லட்சம் ரூபாய்க்குக் கீழே என்றால் சிவில் நீதிமன்றத்திலும், அதற்கு மேல் என்றால் 1993-ஆம் ஆண்டுச் சட்டப்படி தீர்ப்பாயத்திலும் வங்கி வழக்குத் தொடுத்து, உத்தரவு வாங்கி அடமான நிலத்தை விற்கலாம். சிவில் நீதிமன்ற அடமான வழக்கில் முதல்நிலைத் தீர்ப்பு, பணம் கட்ட அவகாசம், இறுதித் தீர்ப்பு என்று படிகள் இருப்பதால் விவசாயிக்குக் காலமும் பேச வாய்ப்பும் கிடைக்கும்.

அடமானம் இல்லாத வெறும் பணத் தீர்ப்பாக இருந்தால், சிவில் நடைமுறைச் சட்டம் பிரிவு 60 சில பொருள்களை ஜப்தியிலிருந்து காக்கிறது. விவசாயி குடியிருக்கும் வீடு, உழவுக் கருவிகள், உழவு மாடு, விதை நெல் ஆகியவை அவற்றில் அடங்கும். நீங்களே அடமானம் எழுதிக் கொடுத்த வீட்டுக்கு இந்தப் பாதுகாப்பைக் கேட்க முடியாது.

பட்டாவுல நஞ்சைன்னுதான் இருக்கு. ஆனா அதுல ரைஸ் மில் கட்டியிருக்கோம். அது விவசாய நிலம் ஆகுமா?

பட்டாவில் இருக்கும் சொல் மட்டும் போதாது. தமிழ்நாட்டிலிருந்து சென்ற ஒரு வழக்கில் 2018-இல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது. வருவாய்ப் பதிவேட்டில் இருக்கும் வகைப்பாடு இறுதியானதல்ல. நிலத்தின் தன்மை, அதன் பயன்பாடு, அடமானம் ஏற்பட்ட நாளில் எந்த நோக்கத்துக்காக அது இருந்தது என்பதையெல்லாம் பார்த்துத்தான் முடிவு செய்ய வேண்டும் என்றது. மில் கட்டிடமும் நெல் காயப்போடும் களமும் இருக்கும் இடத்தை நஞ்சை என்று வாதிடுவது கடினம். அந்த மில்லுக்குப் பின்னால் அதே புல எண்ணில் இரண்டு ஏக்கர் சம்பா நடவு இருந்தால், அந்தப் பகுதிக்காக வாதிட இடம் உண்டு.

விவசாய நிலம் என்று நிரூபிக்கும் பொறுப்பு உங்களுடையது. சிட்டாவை மட்டும் எடுத்துக்கொண்டு வராதீர்கள். கிராம நிர்வாக அலுவலரிடம் அந்த ஆண்டுகளின் அடங்கல், பயிர்க் காப்பீட்டு ரசீது, நேரடி நெல் கொள்முதல் நிலையத்தில் நெல் போட்ட ரசீது, உர ரசீது என்று கிடைப்பதையெல்லாம் சேருங்கள். அடங்கலில் ‘தரிசு’ என்று எழுதியிருந்தால், தண்ணீர் வராத ஆண்டா, மனைப்பிரிவு போடுவதற்காக விட்டு வைத்ததா என்ற கேள்வி வரும். அதற்கான பதிலையும் தயாராக வைத்துக்கொள்ளுங்கள்.

நேரா ஹைகோர்ட்டுக்கே போய் ஸ்டே வாங்கிட முடியாதா?

பெரும்பாலும் முடியாது. தீர்ப்பாயம் என்ற மாற்று வழி இருக்கும்போது உயர் நீதிமன்றங்கள் இத்தகைய ரிட் மனுக்களை ஏற்கக் கூடாது என்று 2010-இல் சத்யவதி டாண்டன் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது. அதன் பிறகும் பலமுறை வலியுறுத்தியிருக்கிறது. ரிட் போட்டுத் தள்ளுபடியாகி வருவதற்குள் மேலே சொன்ன 45 நாள் போய்விடும். சிவில் நீதிமன்றத்தில் தடை கேட்பதையும் சர்ஃபேசி சட்டத்தின் பிரிவு 34 தடுக்கிறது.

போக வேண்டிய இடம் கடன் வசூல் தீர்ப்பாயம், அதாவது டி.ஆர்.டி. தமிழ்நாட்டில் அது சென்னை, மதுரை, கோயம்புத்தூரில் இருக்கிறது. டெல்டாவுக்குள் ஒன்றுகூட இல்லை என்பது நம் ஊர்க்காரர்களுக்கு உண்மையான சுமை. ஒவ்வொரு வாய்தாவுக்கும் ஒரு நாள் கூலியும் பேருந்துச் செலவும் போகிறது. உயர் நீதிமன்றத்தைப் பொறுத்தவரை தஞ்சாவூர் மாவட்டம் மதுரைக் கிளையின் எல்லையிலும், திருவாரூர், நாகப்பட்டினம் மாவட்டங்கள் சென்னையின் எல்லையிலும் வருகின்றன. வெண்ணாற்றுக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் நிலம் வைத்திருக்கும் குடும்பங்கள் இதில் குழம்பிப் போவதைப் பார்த்திருக்கிறேன்.

டி.ஆர்.டி.யில கேஸ் போடணும்னா பாதிப் பணத்தைக் கட்டணுமாமே?

முதல் கட்டத்தில் இல்லை. தொடக்கத்தில் 75 சதவீதம் கட்ட வேண்டும் என்று சட்டத்தில் இருந்ததை, 2004-இல் மார்டியா கெமிக்கல்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் செல்லாது என்று நீக்கியது. இப்போது பிரிவு 17-இன்படி மனுப்போட நீதிமன்றக் கட்டணம் மட்டும்தான். பத்து லட்சம் ரூபாய்க் கடனுக்கு அது 5,000 ரூபாய் அளவில் வரும். சுவாதீன நடவடிக்கை எடுத்த நாளிலிருந்து 45 நாளுக்குள் போட வேண்டும். வெறும் 13(2) நோட்டீஸை எதிர்த்து அங்கே போக முடியாது. 13(4) நடவடிக்கை வர வேண்டும். காகித அளவிலான சுவாதீனமே அதற்குப் போதும் என்று 2018-இல் உச்ச நீதிமன்றம் கூறிவிட்டது.

பாதித் தொகை என்று நீங்கள் கேள்விப்பட்டது மேல்முறையீட்டுக்கானது. தீர்ப்பாயத்தில் தோற்று, 30 நாளுக்குள் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்துக்குப் போனால் பாக்கியில் 50 சதவீதம் கட்ட வேண்டும். அதை 25 சதவீதம் வரை குறைக்கலாம், அதற்குக் கீழே குறைக்க முடியாது. முதல் கட்டத்திலும் இடைக்காலத் தடை கேட்டால், இத்தனை வாரத்துக்குள் இவ்வளவு கட்டு என்று நிபந்தனை போடுவது வழக்கம். அந்தத் தேதி தவறினால் தடை தானாகக் கலைந்துவிடும். தடை என்பது வாங்கிய அவகாசம்தான். கடன் அப்படியே நிற்கிறது, வட்டியும் ஏறுகிறது. ஒரு மாதத்தில் எவ்வளவு திரட்ட முடியும் என்று வீட்டில் உட்கார்ந்து பேசிவிட்டுத் தடை கேளுங்கள்.

கலெக்டர் ஆர்டர் போட்டுட்டாராம், வக்கீல் கமிஷனர் போலீஸோட வர்றாராம். எங்களைக் கேக்காமலே எப்படி ஆர்டர் போட்டாங்க?

பிரிவு 14 அப்படித்தான் அமைந்திருக்கிறது. வங்கி உறுதிமொழிப் பத்திரத்தோடு மாவட்ட ஆட்சியரிடமோ தலைமை நீதித்துறை நடுவரிடமோ மனுக் கொடுத்தால், 30 நாளுக்குள், அதிகபட்சம் 60 நாளுக்குள், சுவாதீனம் எடுத்துக் கொடுக்க உத்தரவிட வேண்டும். அந்தக் கட்டத்தில் கடன்தாரரைக் கூப்பிட்டு விசாரிக்க வேண்டியதில்லை. அதை எதிர்ப்பதும் முந்தைய பதிலில் சொன்ன பிரிவு 17 மனு வழியாகத்தான். வாசலில் நின்று மறித்தால் போலீஸ் வழக்குதான் மிஞ்சும். வீட்டுச் சாமான்களைப் பட்டியல் எடுக்கச் சொல்லி, அதன் நகலை வாங்கிக்கொள்ளுங்கள்.

ஏலத் தேதி பேப்பர்ல வந்துட்டு. இப்பப் பணத்தைக் கட்டினா வீடு திரும்பி வருமா?

ஏல விளம்பரம் வெளியாகும் வரைதான் முழுத் தொகையையும் கட்டி மீட்கும் உரிமை சட்டப்படி இருக்கிறது. 2016 திருத்தத்துக்குப் பிந்தைய பிரிவு 13(8) இப்படிச் சொல்கிறது. 2023-இல் உச்ச நீதிமன்றமும் அதை உறுதி செய்தது. ‘ஏலத்தன்று காலையில் பணத்தோடு போய் நின்றால் போதும்’ என்று ஊரில் சொல்வது பழைய கதை. ஏலம் கேட்க ஆள் வராமல் நின்றுபோனால் வங்கியே பேச முன்வருவது உண்டு. அது வங்கியின் விருப்பம்.

ஏல நடைமுறையில் பிழை இருந்தால் அதைத் தீர்ப்பாயத்தில் எழுப்பலாம். உங்களுக்கு 30 நாள் விற்பனை நோட்டீஸ் தந்தார்களா, அங்கீகரிக்கப்பட்ட மதிப்பீட்டாளரிடம் மதிப்பீடு வாங்கினார்களா, ஏலம் எடுத்தவர் 25 சதவீதத்தை அன்றோ மறு வேலை நாளிலோ கட்டினாரா என்று பாருங்கள். கடன் போக மீதித் தொகை இருந்தால், அதைக் கேட்டு வாங்கும் உரிமை உங்களுக்கு இருக்கிறது.

ஓ.டி.எஸ். கொடுக்கச் சொல்லி கோர்ட்டு உத்தரவு போடுமா? கடனைத் தள்ளுபடி பண்ணச் சொல்லுமா?

ஒரே தவணைத் தீர்வை உரிமையாகக் கேட்க முடியாது என்று 2021-இல் உச்ச நீதிமன்றம் கூறியது. வங்கியின் திட்டத்துக்குள் உங்கள் கணக்கு வந்தால்தான் உண்டு. தள்ளுபடியும் அப்படித்தான். 2016-இல் தமிழக அரசு ஐந்து ஏக்கர் வரையுள்ள சிறு, குறு விவசாயிகளின் கூட்டுறவுக் கடனைத் தள்ளுபடி செய்தபோது, எல்லா விவசாயிகளுக்கும் கொடு என்று மதுரைக் கிளை 2017-இல் உத்தரவிட்டது. 2021 நவம்பரில் உச்ச நீதிமன்றம் அந்த உத்தரவை ரத்து செய்தது. 2021 பிப்ரவரியில் அறிவிக்கப்பட்ட 12,110 கோடி ரூபாய்த் தள்ளுபடியும் கூட்டுறவுப் பயிர்க் கடனுக்கு மட்டுமானது. தேசிய வங்கிக் கடனைக் காட்டி அதைக் கேட்க முடியாது.

பேசித் தீர்க்க நல்ல இடம் லோக் அதாலத், அதாவது மக்கள் நீதிமன்றம். வழக்கு வருவதற்கு முன்பே அங்கே போகலாம், கட்டணம் இல்லை. ஆனால் அங்கே கையெழுத்திட்ட தீர்வுக்கு மேல்முறையீடு கிடையாது; அது நீதிமன்றத் தீர்ப்புக்குச் சமம். ‘சரி’ என்று சொல்லும் முன் தவணைத் தேதிகளைப் பாருங்கள். அறுவடை தை, மாசியில் என்றால் ஐப்பசியில் தவணை வைக்க ஒப்புக்கொள்ளாதீர்கள். பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் வருமான வரம்பு பாராமல் இலவச வக்கீல் உதவி உண்டு. தொலைபேசி எண் 15100.

புயல், வெள்ளத்துல பயிர் போச்சு. அதைக் காட்டித் தவணையைத் தள்ளி வைக்க முடியாதா?

முடியும், ஆனால் கேட்க வேண்டிய இடம் முதலில் வங்கிதான். 2018 நவம்பர் 16 அதிகாலையில் கஜா புயல் வேதாரண்யத்துக்கும் நாகப்பட்டினத்துக்கும் இடையில் கரை கடந்தபோது நடைமுறையில் இருந்த ரிசர்வ் வங்கி நெறிமுறைப்படி, பயிர்ச் சேதம் 33 முதல் 50 சதவீதம் என்றால் இரண்டு ஆண்டு வரையும், 50 சதவீதம் அல்லது அதற்கு மேல் என்றால் ஐந்து ஆண்டு வரையும் கடனை மறுசீரமைக்க இடம் இருந்தது. அரசு சேதத்தை அறிவித்திருக்க வேண்டும். நீங்களும் விண்ணப்பித்திருக்க வேண்டும். பட்டுக்கோட்டை, பேராவூரணிப் பக்கம் தென்னை முழுவதும் சாய்ந்தும், நிவாரணத் தொகைக்கு மட்டும் மனுக் கொடுத்துவிட்டுக் கடன் மறுசீரமைப்புக்கு எழுதிக் கொடுக்காதவர்கள் இருக்கிறார்கள். பிற்பாடு நோட்டீஸ் வந்தபோது காட்ட அவர்களிடம் காகிதம் இல்லை.

இன்னொரு விதியும் உங்களுக்குத் தெரிய வேண்டும். சிறு, குறு விவசாயியின் குறுகிய காலக் கடனில், சேரும் மொத்த வட்டி அசலைத் தாண்டக் கூடாது என்பது ரிசர்வ் வங்கியின் விதி. 50,000 ரூபாய் பயிர்க் கடனுக்கு ஒன்றே முக்கால் லட்சம் கேட்டால், கணக்கு அறிக்கையைக் கேட்டு வாங்கி இதை எழுத்தில் எழுப்புங்கள்.

நான் ஜாமீன்தான் போட்டேன். கடன் வாங்கினவரை விட்டுட்டு என்னைப் பிடிக்கிறாங்களே?

பிடிக்கலாம். ஒப்பந்தச் சட்டம் பிரிவு 128-இன்படி ஜாமீன்தாரரின் பொறுப்பு கடன்தாரரின் பொறுப்புக்குச் சமம். முதலில் அவரிடம் வசூலித்துவிட்டு வா என்று வங்கியிடம் சொல்ல முடியாது. நீங்கள் கட்டிய தொகையைக் கடன்தாரரிடம் திரும்பக் கேட்டு வழக்குப் போடலாம். மேலே சொன்ன ஆட்சேபம், பிரிவு 17 மனு எல்லாம் உங்களுக்கும் பொருந்தும்.

ஏஜெண்டுங்க ராத்திரியில வந்து சத்தம் போடுறாங்க. ஜெயிலுக்கு அனுப்பிடுவோம்னு மிரட்டுறாங்க.

காலை 8 மணிக்கு முன்பும் மாலை 7 மணிக்குப் பின்பும் கடன் கேட்டு அழைக்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2022-இல் அறிவுறுத்தியிருக்கிறது. தேதி, நேரம், அழைத்த எண் ஆகியவற்றைக் குறித்து வைத்து வங்கிக்கு எழுதுங்கள். 30 நாளில் பதில் இல்லையென்றால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் போகலாம். வீட்டுக்குள் புகுந்தால் காவல் நிலையம்.

கடன் கட்ட முடியாமல் போனது மட்டும் குற்றமல்ல. சிவில் தீர்ப்பில்கூட, பணம் இருந்தும் கெட்ட எண்ணத்தோடு கட்டாதவரைத்தான் சிறைக்கு அனுப்பலாம் என்று உச்ச நீதிமன்றம் 1980-இலேயே சொல்லிவிட்டது. பணத் தீர்ப்புக்காகப் பெண்களைக் கைது செய்யவே முடியாது. ஆனால் கொடுத்த காசோலை திரும்பியிருந்தால் கதை வேறு. அது தனிக் குற்ற வழக்கு. நோட்டீஸ் கிடைத்த 15 நாளுக்குள் அந்தத் தொகையைக் கட்டிவிட்டால் அந்த வழக்கு வராது.

அப்பா வாங்கின கடன், அவரும் போய்ச் சேர்ந்துட்டார். பதினஞ்சு வருஷம் ஆச்சு. காலாவதி ஆகியிருக்காதா?

இரண்டு கேள்விகள் இதில் இருக்கின்றன. அப்பா விட்டுச் சென்ற சொத்தின் அளவுக்குத்தான் வாரிசுகளுக்குப் பொறுப்பு. உங்கள் சொந்தச் சம்பாத்தியத்தில் கை வைக்க முடியாது, நீங்களும் ஜாமீன் போட்டிருந்தால் ஒழிய. அடமானம் வைத்த சொத்து கடனோடுதான் உங்களிடம் வருகிறது.

காலாவதியைப் பொறுத்தவரை, வெறும் கடனுக்கு மூன்று ஆண்டும் அடமானத்துக்குப் பன்னிரண்டு ஆண்டும் கெடு. சர்ஃபேசி நடவடிக்கைக்கும் இந்தக் கெடு உண்டு. ஆனால் கெடு முடிவதற்குள் கடனை ஒப்புக்கொண்டு அப்பா ஒரு கையெழுத்துப் போட்டிருந்தால் அன்றிலிருந்து எண்ணிக்கை புதிதாகத் தொடங்கும். இடையில் கட்டிய தொகையும், கட்டியவர் எழுத்திலோ கையெழுத்திலோ பதிவாகியிருந்தால், அதே வேலையைச் செய்யும். கடனை ஒப்புக்கொண்டு கையெழுத்துப் போடும் அந்தக் கடிதத்தை வங்கியில் ‘ரிவைவல் லெட்டர்’ என்பார்கள். மற்ற காகிதங்களோடு சேர்த்து நீட்டுவார்கள், நாமும் படிக்காமல் போட்டுவிடுவோம். நானே அப்படி எத்தனையோ பேரிடம் நீட்டி வாங்கியவன்தான். ஆகவே பதினைந்து ஆண்டு என்பதை முதல் கடன் தேதியிலிருந்து எண்ணாதீர்கள். கடைசிக் கையெழுத்தும் கடைசி வரவும் எந்தத் தேதியில் என்று வங்கியிடம் எழுதிக் கேளுங்கள். அந்தப் பதில் வரும் வரை, ‘கொஞ்சமாவது கட்டி வையுங்கள்’ என்று யார் சொன்னாலும் கட்டிச் சலானில் கையெழுத்துப் போட்டுவிடாதீர்கள்.